இந்த மாதப் பாடம்: கேமராவுக்குப் பின்னாலும் நம் பெண்கள்



போன கூட்டமைப்புக் கூட்டத்தில் ஒரு கடன் மனு வந்தது. நம் குழு உறுப்பினர் ஒருவரின் மகள், பிளஸ் டூ முடித்த பெண். "கேமரா வாங்க வேண்டும், டாக்குமெண்டரி படம் எடுக்கும் தொழிலுக்குப் போகப் போகிறேன், அம்மா பேரில் கடன் கொடுங்கள்" என்று எழுதியிருந்தாள். கறவை மாட்டுக்குக் கடன் கேட்டால் என்ன விசாரிக்க வேண்டும் என்று நமக்குத் தெரியும். தையல் மிஷினுக்கும் தெரியும். இதற்கு என்ன கேட்பது? "கல்யாண வீடியோவாம்மா?" என்றார் ஒரு பிரதிநிதி. "சினிமான்னா வேண்டவே வேண்டாம்" என்றார் இன்னொருவர். மனு அடுத்த கூட்டத்துக்குத் தள்ளிப் போனது.

நமக்குத் தெரியாத தொழில் என்பதற்காக ஒரு பெண்ணைக் காக்க வைத்தது எங்களுக்கு உறுத்தலாகத்தான் இருந்தது. அதனால் மலர்க் குழுவில் உட்கார்ந்து, விசாரித்து, படித்து, இந்தப் பாடத்தை எழுதியிருக்கிறோம். குழுக் கூட்டத்தில் ஒருவர் வாசிக்க மற்றவர்கள் கேளுங்கள். இடையிடையே நிறுத்திப் பேசுங்கள்.

டாக்குமெண்டரி என்றால் என்ன?

டூரிங் டாக்கீஸில் படம் பார்த்த அம்மாக்களுக்கு நினைவிருக்கும். எம்.ஜி.ஆர். படமோ சிவாஜி படமோ தொடங்கும் முன்னால் கொஞ்ச நேரம் அணை கட்டுவதையும் வெள்ளம் வந்ததையும் காட்டுவார்கள். "நியூஸ் படம்" என்று சொல்லிவிட்டு முறுக்கு வாங்கப் போய்விடுவோம். அதை எடுத்தது பிலிம்ஸ் டிவிஷன் என்ற மத்திய அரசு நிறுவனம். 1948 இல் தொடங்கியது. 2022 இல் அதைத் தேசிய திரைப்பட வளர்ச்சிக் கழகத்தோடு சேர்த்துவிட்டார்கள். நடிகர் இல்லாமல், உண்மையான ஆட்களை, உண்மையான இடத்தில், அவர்கள் வாழ்க்கையைப் படம் பிடிப்பதுதான் டாக்குமெண்டரி. தமிழில் ஆவணப்படம் என்கிறோம். நம் வீட்டுப் பத்திரமும் ஆவணம்தான், அதுபோல இதுவும் ஒரு சாட்சி.

சாட்சி என்று சொன்னதும் ஒரு பழைய விஷயத்தைச் சொல்லாமல் மேலே போக முடியவில்லை.

நமக்கே நடந்தது

சில வருடங்களுக்கு முன்பு வெளியூரிலிருந்து ஒரு குழுவினர் நம் கூட்டமைப்புக்கு வந்து படம் எடுத்தார்கள். மரியாதையான ஆட்கள்தான். நம் உறுப்பினர் ஒருவர் தன் வீட்டுக்காரரின் குடியைப் பற்றியும், கந்துவட்டிக்காரன் வாசலில் வந்து பேசிய பேச்சைப் பற்றியும் அழுதுகொண்டே சொன்னார். "தைரியமா பேசும்மா, நாலு பேருக்கு உதவும்" என்று பக்கத்தில் நின்று சொன்னது நாங்கள்தான். பேசி முடித்ததும் ஒரு காகிதத்தில் கையெழுத்து வாங்கினார்கள். காகிதம் ஆங்கிலத்தில் இருந்தது. அதில் என்ன எழுதியிருக்கிறது என்று அந்த அக்காவும் கேட்கவில்லை, நாங்களும் கேட்கவில்லை.

படம் ஏதோ ஒரு நகரத்துக் கூட்டத்தில் ஓடியிருக்கிறது. பிறகு செல்போன் செல்போனாகச் சுற்றி வந்தது. அந்த அக்காவின் மகளுக்கு அப்போது வரன் பேசிக்கொண்டிருந்தார்கள். மாப்பிள்ளை வீட்டார் கண்ணில் அது பட்டது, பேச்சு நின்றது. ஐந்து மாதம் அக்கா கூட்டத்துக்கு வரவில்லை. சேமிப்பை மட்டும் பக்கத்து வீட்டுப் பெண்ணிடம் கொடுத்தனுப்புவார். அந்தப் படத்தை எங்களுக்கு யாரும் கொண்டுவந்து போட்டுக் காட்டவே இல்லை.

அப்படியானால் கேமரா வேண்டாம் என்று சொல்லலாமா? நாங்களும் கொஞ்ச நாள் அப்படித்தான் நினைத்தோம். ஆனால் கேமரா ஊருக்குள் வரத்தான் போகிறது. அதைப் பிடிப்பது யார், பிடிப்பவருக்கு யாரிடம் பொறுப்பு என்பதுதான் விஷயம். இதை நம்மைப் போன்ற சங்கப் பெண்களே செய்து காட்டியிருக்கிறார்கள் என்று இந்தப் பாடத்துக்காகத் தேடியபோதுதான் தெரிந்தது.

அகமதாபாத்தில் காய்கறி விற்ற கைகள்

குஜராத்தில் இலா பட் அம்மையார் 1972 இல் தொடங்கிய சேவா சங்கத்தைப் பற்றிப் பலர் கேள்விப்பட்டிருப்பீர்கள். 1974 இல் தங்களுக்கென்று ஒரு வங்கியே தொடங்கியவர்கள். பீடி சுற்றுபவர், தலைச்சுமை தூக்குபவர், காய்கறி விற்பவர் என்று கூலிப் பெண்கள் சேர்ந்த சங்கம். 1984 இல் அமெரிக்காவிலிருந்து மார்த்தா ஸ்டூவர்ட் என்ற வீடியோ தயாரிப்பாளர் வந்து, அந்தச் சங்கத்தின் 20 பெண்களுக்கு மூன்று வாரம் பயிற்சி கொடுத்தார். அந்த 20 பேரில் எழுதப் படிக்கத் தெரியாதவர்களும் இருந்தார்கள்.

இப்போது செல்போனிலேயே படம் பிடிக்கிறோம். அன்றைக்குக் கேமரா தனி, பதிவு செய்யும் பெட்டி தனி. இரண்டையும் ஒயர் இணைக்கும். ஒருத்தி கேமரா தூக்க, இன்னொருத்தி பெட்டியைத் தோளில் மாட்டிக்கொண்டு பின்னாலேயே நடக்க வேண்டும். இருவரும் ஒரே அடியாக அடி எடுத்து வைக்காவிட்டால் ஒயர் இழுத்துவிடும். பித்தானில் இருப்பது ஆங்கில எழுத்து. படிக்கத் தெரியாதவர்கள் எந்தப் பித்தானுக்கு என்ன வேலை என்று கையாலும் கண்ணாலும் பழகிக்கொண்டார்கள். படிக்கத் தெரியாமலே பஸ் நிறத்தையும் நம்பரின் வடிவத்தையும் பார்த்து ஊர் போய்ச் சேரும் அம்மாக்கள் நம்மிடம் இல்லையா, அதுபோலத்தான்.

அந்தப் பயிற்சியிலிருந்து 'வீடியோ சேவா' என்று ஒரு கூட்டுறவு வளர்ந்தது. அகமதாபாத்தில் மானேக் சவுக் என்ற சந்தை. அங்கே கூடை வைத்து விற்கும் பெண்களைப் போலீசும் நகராட்சியும் விரட்டிக்கொண்டே இருந்ததால், உட்கார இடம் கேட்டு உச்ச நீதிமன்றம் வரை போனார்கள். அந்தச் சந்தையைப் பற்றிப் படம் எடுத்தவர்களும் அந்தச் சங்கப் பெண்கள்தான். வெளியிலிருந்து வருபவர் கேமராவைக் கண்டதும் "நெரிசல், அசுத்தம்" என்று எடுத்துவிட்டுப் போவார். கூடைக்குப் பின்னால் உட்கார்ந்து பழகியவளுக்கு, மிதித்துத் தள்ளும் பூட்ஸ் கால் எந்த உயரத்திலிருந்து வரும் என்று தெரியும்.

இவர்களிடம் எங்களுக்குப் பிடித்த இன்னொரு வழக்கம், எடுத்த படத்தை எடுத்த இடத்துக்கே கொண்டுபோய்ப் போட்டுக் காட்டுவது. மார்த்தா ஸ்டூவர்ட் சொல்லிக் கொடுத்த முறையிலேயே அது இருந்தது. நமக்குக் கிடைக்காமல் போனது அதுதான்.

பஸ்தாபூரின் சங்கம் ஷாட்

இனி நம் பக்கமாக வருவோம். தெலங்கானாவில் ஜஹீராபாத் பக்கம் பஸ்தாபூர் என்ற ஊர். அப்போது ஆந்திராவின் மேதக் மாவட்டம், இப்போது சங்காரெட்டி மாவட்டம். டெக்கான் டெவலப்மெண்ட் சொசைட்டி என்ற அமைப்பு 1983 இலிருந்து அங்கே சிறுதானியம் பயிரிடும் தலித் பெண்களின் சங்கங்களோடு வேலை செய்கிறது. அதைத் தொடங்கியவர்களில் ஒருவரான பி.வி. சதீஷ் அதற்கு முன்பு தூர்தர்ஷனில் நிகழ்ச்சி தயாரித்தவர். 2023 இல் காலமானார். 1990களின் கடைசியில் அங்கே சங்கப் பெண்களுக்கு வீடியோ பயிற்சி கொடுத்தார்கள். களை எடுத்து, கூலிக்குப் போய் வாழ்ந்த பெண்கள் அவர்கள். பெரும்பாலும் பள்ளிக்கூடம் போகாதவர்கள்.

கேமரா பாடத்தில் லோ ஆங்கிள், டாப் ஆங்கிள் என்று சொல்லிக் கொடுப்பார்கள். அந்தப் பெண்களோ தங்களுக்குப் புரிகிற மாதிரி புதுப் பெயர் வைத்துவிட்டார்கள். தரையில் உட்கார்ந்த கூலிக்காரர் கட்டிலில் இருக்கும் முதலாளியை அண்ணாந்து பார்ப்பது போல, கீழிருந்து மேலே எடுப்பது 'அடிமை ஷாட்'. முதலாளி மேலிருந்து கீழே பார்ப்பது போல எடுப்பது 'படேல் ஷாட்'. படேல் என்றால் அந்தப் பக்கத்தில் பண்ணையார். இரண்டும் இல்லாமல், கண்ணுக்கு நேர் கண் வைத்து, சம உயரத்தில் எடுப்பது 'சங்கம் ஷாட்'. சங்கத்தில் எல்லோரும் பாயில் சமமாகத்தானே உட்காருகிறோம்!

இதைப் படித்ததும் நாங்கள் செல்போனை எடுத்துச் செய்து பார்த்தோம். நீங்களும் செய்யுங்கள். ஒரு உறுப்பினரைத் தரையில் உட்கார வைத்து, நின்றுகொண்டு ஒரு படம் எடுங்கள். பிறகு எதிரில் நீங்களும் உட்கார்ந்து ஒரு படம் எடுங்கள். இரண்டையும் அவரிடமே காட்டி, "இதில் எது நீ?" என்று கேளுங்கள். முன்பு நம் அக்காவை எடுத்த படம் எங்களிடம் இல்லை. ஆனால் படம் எடுத்தவர் நின்றுகொண்டிருந்ததும், அக்கா திண்ணையில் உட்கார்ந்திருந்ததும் நன்றாக நினைவிருக்கிறது.

பஸ்தாபூர்ப் பெண்கள் எடுத்த படங்களில் பெயர் பெற்ற ஒன்று வாரங்கல் பருத்தி விவசாயிகளைப் பற்றியது. 2002 இல் பி.டி. பருத்தி விதைக்கு மத்திய அரசு அனுமதி கொடுத்தது. அந்த விதை போட்ட விவசாயிகளிடம் ஒரு தடவை போய்ப் பேட்டி எடுத்துவிட்டுத் திரும்பாமல், பயிர்ப் பருவம் முழுக்கத் திரும்பத் திரும்பப் போனார்கள். முளைக்கும்போது என்ன சொன்னார், பூச்சி வந்தபோது என்ன சொன்னார், எடை போட்டபோது என்ன சொன்னார் என்று அதே விவசாயியின் வாயால் பதிவு செய்தார்கள். படம் 2003 இல் வெளிவந்து, பல மொழிகளில் பெயர்த்து வெளிநாடுகளிலும் காட்டப்பட்டது. அந்த விதை நல்லதா கெட்டதா என்ற வாதம் இன்றுவரை ஓயவில்லை, அதற்குள் நாம் போகவில்லை. விதைப்பு முதல் அறுப்பு வரை கூடவே இருந்து பார்க்கும் பொறுமை ஒரு விவசாயப் பெண்ணுக்கு இயல்பாகவே வந்திருக்கிறது, அதைத்தான் கவனிக்கச் சொல்கிறோம்.

ஒரு படத்துக்குள் எத்தனை வேலை

கேமரா பிடிப்பது மட்டும்தான் வேலை என்று நாங்கள் நினைத்திருந்தோம். அது தப்பு.

முதுமலை தெப்பக்காடு யானை முகாமில் குட்டி யானை வளர்த்த பொம்மன், பெள்ளி தம்பதியைப் பற்றி எடுத்த 'தி எலிஃபண்ட் விஸ்பரர்ஸ்' படம் 2023 இல் ஆஸ்கார் வாங்கியது. எடுத்தவர் ஊட்டிப் பெண் கார்த்திகி கோன்சால்வஸ். ஐந்து வருடம் பாடுபட்டு 450 மணி நேரம் படம் பிடித்திருக்கிறார்கள். நாம் பார்ப்பது சுமார் 40 நிமிடம். கணக்குப் போட்டுப் பாருங்கள்: 675 நிமிடம் எடுத்ததில் 1 நிமிடம்தான் மிஞ்சியிருக்கிறது. முறத்தில் புடைப்பது மாதிரி, எது அரிசி எது உமி என்று உட்கார்ந்து பிரிப்பதுதான் எடிட்டிங், அதாவது படத்தொகுப்பு. பகலும் இரவும் பெட்டி முன்னால் உட்கார்ந்து செய்யும் வேலை. ஊர் ஊராகப் போக முடியாத, குழந்தை வைத்திருக்கும் பெண்களும் கற்றுக்கொள்ளக் கூடியது.

அந்தப் படத்தில் பேசுவது தமிழ். உலகம் முழுக்கப் பார்த்தவர்கள் அடியில் ஓடும் எழுத்தைப் படித்துத்தான் புரிந்துகொண்டார்கள். பேசியதை வார்த்தை விடாமல், எந்த நிமிடம் எந்த நொடி என்று குறித்து எழுதுவது ஒரு வேலை. அதை வேறு மொழியில் பெயர்ப்பது இன்னொரு வேலை. நம் வட்டாரப் பேச்சு பட்டணத்துக்காரருக்குப் பாதி புரியாது. "அவ ஒரு மாதிரியா இருந்தா" என்றால் என்ன மாதிரி என்று நமக்குத்தானே தெரியும்?

அடுத்தது ஒலி. படம் கொஞ்சம் மங்கலாக இருந்தாலும் ஜனங்கள் பார்ப்பார்கள். பேச்சு கேட்கவில்லை என்றால் எழுந்து போய்விடுவார்கள். மைக் வாய்க்குப் பக்கத்தில் இருக்க வேண்டும். மோட்டார், மின்விசிறி, டி.வி. எல்லாவற்றையும் நிறுத்த வேண்டும். பேட்டி முடிந்ததும் யாரும் பேசாமல் அந்த இடத்தின் ஓசையை மட்டும் ஒரு நிமிடம் பதிவு செய்து வைப்பார்கள். பின்னால் வெட்டி ஒட்டும்போது ஒட்டுத் தெரியாமல் இருக்க அது உதவும்.

இதெல்லாம் போக, ஊரில் யாரைப் பார்க்கலாம் என்று விசாரித்து ஏற்பாடு செய்பவர் வேண்டும். வண்டி, சாப்பாடு, வவுச்சர், தினச் செலவு என்று கணக்கு எழுதுபவர் வேண்டும். குழுக் கணக்கைப் பத்து வருடம் பைசா பிசகாமல் எழுதிய நம் கணக்காளர்களுக்கு இது புது வேலையே இல்லை. முடிந்த படத்தைக் கிராமம் கிராமமாகப் போட்டுக் காட்டி, கூட்டம் நடத்தி, பேச வைப்பதும் ஒரு வேலைதான். அதில் நம்மை மிஞ்ச யார்?

சம்மதம் என்பது கையெழுத்து மட்டும் இல்லை

நல்லவர்கள் எடுத்த நல்ல படத்திலும் மனத்தாங்கல் வரும். உத்தரப்பிரதேசத்தில் சித்திரகூடத்தில் 2002 இல் தொடங்கிய, கிராமத்துப் பெண்கள் நடத்தும் 'கபர் லஹரியா' என்ற செய்தி நிறுவனம் இருக்கிறது. அவர்களைப் பற்றி ரிந்து தாமஸ், சுஷ்மித் கோஷ் என்ற இருவர் எடுத்த 'ரைட்டிங் வித் ஃபயர்' படம் 2022 இல் ஆஸ்கார் போட்டி வரை போனது. பரிசு விழாவுக்குக் கொஞ்ச நாள் முன்னால், அந்தப் பெண்களே வெளிப்படையாக ஓர் அறிக்கை விட்டார்கள். படத்தைப் பாராட்டிவிட்டு, ஆனால் எங்கள் வேலையின் ஒரு பக்கம் மட்டுமே இதில் இருக்கிறது, இது முழுமையாக நாங்கள் இல்லை என்றார்கள். அவர்கள் பத்திரிகைக்காரர்கள், எழுதத் தெரியும், சொல்லிவிட்டார்கள். நம் அக்கா யாரிடம் போய்ச் சொல்வார்?

அதனால் படத் தொழிலுக்குப் போகும் நம் பெண்கள் மூன்று தடவை சம்மதம் கேட்க வேண்டும் என்று நாங்கள் நினைக்கிறோம். எடுக்கும் முன்னால் ஒரு தடவை. பேசி முடித்து, அழுகை அடங்கி, டீ குடித்த பிறகு ஒரு தடவை. வெட்டி ஒட்டிய படத்தை அவருக்குப் போட்டுக் காட்டி, வெளியே விடும் முன்னால் இன்னொரு தடவை. காகிதம் தமிழில் இருக்க வேண்டும், சத்தமாக வாசித்துக் காட்ட வேண்டும், ஒரு நகல் அவரிடம் இருக்க வேண்டும். எங்கே காட்டுவார்கள், செல்போனில் வருமா, முகத்தை மறைக்க முடியுமா, பெயரை மாற்ற முடியுமா என்பதெல்லாம் அதில் வர வேண்டும். படத் தொழிலில் இருப்பவர்கள் சிலர் "மூணாவது தடவை கேட்டா படமே முடியாதும்மா" என்று சொல்லக்கூடும். கஷ்டம்தான். நம் பக்கமிருந்து பார்த்தால் வேறு வழி தெரியவில்லை.

வருமானம், படிப்பு, கடன்

ஒளிவு மறைவில்லாமல் சொல்லிவிடுகிறோம், இது மாதச் சம்பளத் தொழில் இல்லை. கேமராவுக்கும் ஒலிக்கும் பெரும்பாலும் நாள் கணக்கில் கூலி. ஒரு மாதம் வேலை இருக்கும், அடுத்த இரண்டு மாதம் இருக்காது. ஆவணப்படம் எடுக்கும் பலர் கல்யாண வீடியோ, கல்லூரி விழா, தொண்டு நிறுவனங்களின் சின்னப் படம் என்று எடுத்துத்தான் அடுப்பை எரிய வைக்கிறார்கள். கல்யாண வீடியோவா என்று கேட்ட பிரதிநிதி ஒரேயடியாகத் தப்பாகக் கேட்டுவிடவில்லை.

முறையாகப் படிக்க வேண்டுமானால் சென்னை தரமணியில் எம்.ஜி.ஆர். அரசு திரைப்பட, தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனம் இருக்கிறது. அரசு நிறுவனம். ஒளிப்பதிவு, ஒலிப்பதிவு, படத்தொகுப்பு என்று தனித்தனிப் பிரிவுகள். எந்தப் பிரிவுக்குப் பிளஸ் டூவில் என்ன படித்திருக்க வேண்டும் என்று விண்ணப்பம் வாங்கும் முன்பே விசாரித்துக்கொள்ளுங்கள். கலைக் கல்லூரிகளிலும் விஸ்காம் படிப்பு இருக்கிறது. எது என்றாலும், படிப்பு முடிந்து ஒருவரிடம் உதவியாளராக ஒன்றிரண்டு வருடமாவது இருந்தால்தான் கை பழகும்.

பெண்ணைப் பெற்ற அம்மாக்கள் ஒன்று கேட்பீர்கள்: ராத்திரி நேரம், வெளியூர், ஆண்களோடு வேலை, எப்படி அனுப்புவது? நியாயமான கேள்வி. தங்குமிடம் யார் பொறுப்பு, வேறு பெண்கள் உண்டா, கூலி எப்போது என்று போகும் முன்பே எழுத்தில் வாங்கிக்கொள்வது அவள் உரிமை. எழுதித் தர மறுப்பவரிடம் போக வேண்டாம்.

கேமராவைப் பற்றி எங்கள் கருத்து இது. கடன் வாங்கி முதலில் கேமரா வாங்குவது சரியில்லை. மாடு கன்று போடும், கேமரா போடாது. வருடத்துக்கு வருடம் விலைதான் இறங்கும். பெரிய வேலை வந்தால் நாள் வாடகைக்குக் கேமரா கிடைக்கும். கையில் இருக்கும் செல்போன், சட்டையில் மாட்டும் ஒரு சின்ன மைக், ஒரு ஸ்டாண்டு, இவற்றோடு ஆரம்பிக்கலாம். நகையை அடகு வைத்துக் கேமரா வாங்கும் பேச்சே வேண்டாம்.

அந்த மனு

அடுத்த கூட்டத்தில் அந்தப் பெண்ணை நேரில் வரச் சொல்லியிருக்கிறோம். செல்போனில் ஏதாவது ஐந்து நிமிடம் எடுத்துக் கொண்டுவரச் சொன்னோம். நம் சந்தையைப் பற்றி இருக்கட்டும், நூறு நாள் வேலையைப் பற்றி இருக்கட்டும், அவள் இஷ்டம். அதைக் கூட்டத்தில் எல்லோரும் பார்த்துவிட்டு, இவற்றைக் கேட்கலாம் என்று இருக்கிறோம். படத்தில் இருப்பவர்களுக்கு முதலில் போட்டுக் காட்டினாயா? கேமரா வேலை தவிர ஒலியோ தொகுப்போ எழுத்து வேலையோ எது கற்கத் தயார்? வேலை இல்லாத மாதம் தவணையை எப்படிக் கட்டுவாய்? கேமராவுக்குப் பதில் படிப்புக்கோ மைக்குக்கோ சின்னக் கடன் கொடுத்தால் போதுமா?

ஐந்து மாதம் வராமல் இருந்த அக்கா இப்போது வருகிறார். மகளுக்கும் வேறு இடத்தில் கல்யாணம் முடிந்துவிட்டது. இந்தப் பாடத்தில் அவர் விஷயத்தை எழுதலாமா என்று போய்க் கேட்டோம். எழுதியதை வாசித்துக் காட்டச் சொன்னார். வாசித்தோம். இரண்டு இடத்தில் மாற்றச் சொன்னார், மாற்றிவிட்டோம். அந்தப் பெண்ணிடம் கேட்க அவரிடமும் ஒரு கேள்வி இருக்கிறதாம், கூட்டத்தில் தானே கேட்டுக்கொள்கிறேன் என்றார்.

உங்கள் குழுவிலும் கேள்வி இருந்தால் தீர்மான நோட்டில் எழுதி, கூட்டத்துக்கு வரும் பிரதிநிதியிடம் கொடுத்தனுப்புங்கள்.